வேலாயி புதைத்த கிழங்குத் தலை

காட்டுப்பன்றி ஒன்று முள்ளம்பன்றி வீட்டுக்கு விருந்துக்குப் போனால் எங்கே உட்காரும், சொல்லுங்கள் பார்ப்போம்? எட்டத்தில்தான் உட்காரும் என்கிறீர்களா? கடுக்காய்ச் சரிவில் நடந்ததைக் கேட்டுவிட்டு அப்புறம் சொல்லுங்கள்.

அந்த மலைச்சரிவில் முள்ளம்பன்றிகள் தலைமுறை தலைமுறையாக வளை தோண்டிக் குடியிருந்தன. அவர்களில் ஒருத்தி வேலாயி. அப்போதுதான் இரண்டு குட்டி ஈன்றிருந்தாள். குட்டிகளின் முள் இன்னும் முடிபோல மெத்தென்று இருந்தது.

அவர்களிடம் ஒரு வழக்கம் உண்டு. காட்டு வள்ளிக்கிழங்கைத் தோண்டினால் உடம்பைத் தின்னலாம், தலையைத் தின்னக் கூடாது. கொடி முளைக்கிற அந்தத் தலையை எடுத்த குழியிலேயே வைத்து, மண்ணை மூடி, முன்காலால் இரண்டு தட்டுத் தட்டிவிட்டுத்தான் நகர வேண்டும். எவ்வளவு பசித்தாலும் அப்படித்தான். "தலை வைத்தாயா?" என்பதுதான் அங்கே ஒருவரை ஒருவர் பார்த்தால் முதலில் கேட்கும் கேள்வி. சாப்பிட்டாயா என்பது அதற்கு அப்புறம்தான்.

ஒரு கோடையில், கீழே பள்ளத்தில் மனிதர்கள் அணை கட்டினார்கள். தண்ணீர் தேங்கித் தேங்கிக் காட்டுப்பன்றிகளின் கோரைப்புல் காடு முங்கிப் போனது. பாவம், அவை என்ன செய்யும்? குட்டிகளை முன்னே விட்டுக்கொண்டு சரிவேறி வந்தன. வந்த பசியில் நிலத்தை உழுது தள்ளின. கிழங்கின் உடம்பையும் தின்றன, தலையையும் தின்றன. புதைத்து வைத்த தலைகளைக்கூட மோப்பம் பிடித்துக் கிளறித் தின்றன.

அவ்வளவுதான், சண்டை மூண்டது. ஒரு பக்கம் முள், ஒரு பக்கம் தந்தம். வேலாயியின் புருஷன் காலில் குத்துப்பட்டு வளைக்குள் முனகிக் கிடந்தான். அவள் கொழுந்தன் ஈட்டியப்பன் இலை அசைந்தாலும் முள்ளை விரித்துக்கொண்டு பின்பக்கமாகப் பாய்வான். ஒருமுறை அப்படிப் பாய்ந்து ஒரு பலாமரத்தைத் தோற்கடித்துவிட்டு வந்தான்.

வேலாயிக்குச் சிரிப்பு வரவில்லை. கிழங்கு இல்லாமல் அவளுக்குப் பால் வற்றிக்கொண்டே வந்தது. இன்னும் கொஞ்ச நாள் இப்படியே போனால் குட்டிகள் தாங்காது.

ஒரு காலையில் தண்ணீர் குடிக்க ஓடைக்குப் போனாள். அங்கே சேற்றில் ஒரு பெண் காட்டுப்பன்றி படுத்திருந்தாள். பெயர் சேத்தாயி. மூக்கில் ஒரு முள் ஏறி நின்றது. நிலத்தைக் கிளற முடியாமல் மூன்று நாள் பட்டினி. அவளைச் சுற்றி எட்டு வரிக்குட்டிகள் பாலுக்கு அழுதன.

ஓடிவிடலாம் என்றுதான் வேலாயி நினைத்தாள். அந்த அழுகை அவள் காலைக் கட்டிப்போட்டது. தன் வளையிலும் அதே அழுகைதானே?

"ஆடாதே அக்கா, பிடுங்கி விடுகிறேன்" என்று கிட்டே போனாள். முள்ளை உற்றுப் பார்த்தாள். "மூன்று வெள்ளை வளையம். இது என் கொழுந்தன் முள்தான். பயப்படாதே. பாதிக்கு மேல் இறங்காது, அவன் பேச்சு மாதிரி."

சேத்தாயி வலியோடு வலியாகச் சிரித்துவிட்டாள். அந்தச் சிரிப்பிலேயே முள் வெளியே வந்தது.

மூக்கைத் துடைத்துக்கொண்டு சேத்தாயி கேட்டாள்: "கோபித்துக்கொள்ளாதே தங்கச்சி. ஊர் முங்கி, பட்டினியோடு வந்து நிற்கிறோம். எங்களுக்குக் கொடுக்க மனமில்லாமல் கிழங்குத் தலையை ஏன் மண்ணுக்குள் ஒளித்து வைக்கிறீர்கள்?"

தங்கள் குலம் அழிய வேண்டும் என்றுதான் பன்றிகள் தேடித் தேடித் தலையைத் தின்கின்றன என்று வேலாயி அதுவரை நினைத்திருந்தாள்.

"ஒளிக்கவில்லை அக்கா. அது அடுத்த வருஷத்துச் சோறு" என்றாள்.

"அப்படியானால் நாங்கள் தின்றது?"

"உன் எட்டுப் பிள்ளைக்கும் என் இரண்டு பிள்ளைக்கும் சேர்த்து முளைக்க வேண்டியது."

இரண்டு தாய்களும் நேராகக் காட்டின் நாட்டாமையான கடமானிடம் போனார்கள். கடமான் கூட்டம் கூட்டியது. பன்றித் தலைவன் கோரையன் தந்தத்தைத் தீட்டிக்கொண்டே வந்து, சரிவில் உள்ள எல்லா மரத்திலும் தன் கீறல் இருக்கிறது, அதனால் சரிவு தங்களுடையது, முள்ளம்பன்றிக்கு என்ன அடையாளம் இருக்கிறது என்று கேட்டான். கடமானும் மரங்களைப் பார்த்தது. கீறல் கண்ணுக்குத் தெரிந்தது. முள்ளம்பன்றிகளின் அடையாளம் எதுவும் தெரியவில்லை. ஈட்டியப்பன் பின்பக்கத்தைத் திருப்பத் தொடங்கினான்.

"கொழுந்தனாரே, முன்பக்கமாகவே நில்லும்" என்று அதட்டிவிட்டு வேலாயி சொன்னாள்: "எங்கள் அடையாளம் மண்ணுக்குள் இருக்கிறது. முதல் மழை வரைக்கும் யாரும் சரிவைத் தோண்ட வேண்டாம், சண்டையும் வேண்டாம். மழை வந்து சாட்சி சொல்லட்டும்."

கோரையன் கனைத்தான். அதுவரை பசிக்கு யார் பதில் சொல்வது என்றான்.

அப்போது சேத்தாயி எழுந்தாள். "அண்ணே, நான் என் குட்டிகளோடு சரிவின் நடுவில் படுத்துக்கொள்கிறேன். தோண்டப் போகிறவன் எங்களை மிதித்துவிட்டுப் போகட்டும்."

வேலாயியும் தன் குட்டிகளைத் தூக்கிவந்து அவள் பக்கத்தில் படுத்தாள். மெத்தென்ற முள்ளும் வரிக்கோடுமாகப் பத்துக் குட்டிகள் ஒன்றன்மேல் ஒன்று புரண்டன. எது யாருடைய பிள்ளை என்று பார்த்துப் பார்த்தே இரு கூட்டத்திலிருந்தும் காவலுக்கு வந்தவர்கள் களைத்துப் போனார்கள்.

மழை நினைத்தபடி வரவில்லை. நாவல் பழமும் உதிர்ந்த நெல்லிக்காயும் தின்று நாள் போனது. வேலாயி தினமும் மண்ணை முகர்ந்து பார்ப்பாள். தலைகள் மக்கிப் போயிருந்தால்? அவள் சொல்லும் போச்சு, வளையும் போச்சு. பன்னிரண்டாம் நாள் மதியம் மலை இருட்டிக்கொண்டு வந்து கொட்டித் தீர்த்தது.

ஐந்து நாள் கழித்துச் சரிவைப் பார்த்தால், அடேயப்பா! வளைக்கு வளை, பாறைக்குப் பாறை, பாட்டன் பூட்டன் புதைத்த இடமெல்லாம் செந்துளிரோடு வள்ளிக்கொடி தலைநீட்டியது. பன்றிகள் கிளறிய கீழ்ப்பகுதி மட்டும் மொட்டையாகக் கிடந்தது. மரத்துக் கீறல்களோ, மழை குடித்த புதுப்பட்டையில் மங்கத் தொடங்கியிருந்தன.

"இந்தச் சரிவு முள்ளம்பன்றிகளுடையது. இதில் இனி வழக்கே கிடையாது" என்றது கடமான்.

கோரையன் மொட்டை நிலத்தையே பார்த்துக்கொண்டு நின்றான். பிறகு, தாங்கள் எங்கே போவது என்று மெதுவாகக் கேட்டான்.

வேலாயி தன் இனத்தாரைப் பார்த்தாள். ஒவ்வொருவராகத் தலையாட்டினார்கள். ஈட்டியப்பன் கடைசியாக ஆட்டினான்.

"ஓடையோரத்துக் கீழ்ச்சரிவில் இருங்கள்" என்றாள் வேலாயி. "புதைக்கத் தலை நாங்கள் தருகிறோம். எங்கள் கால் இறங்காத கெட்டி மண்ணை நீங்கள் கிளறிக் கொடுங்கள். ஒன்றே ஒன்று, தலை வைக்காமல் யாரும் நகரக் கூடாது."

அடுத்த அறுவடையில் கெட்டி மண்ணிலும் கிழங்கு தொடைப் பருமனுக்கு இறங்கியிருந்தது. வேலாயி வளைவாசலில் விருந்து. அவள் புருஷன் நொண்டி நொண்டிப் பரிமாறினான். சேத்தாயியின் கடைக்குட்டி ஒரு தலையைப் புதைத்து, இரண்டு தட்டுக்குப் பதில் இருபது தட்டுத் தட்டியது.

மண்ணிலிருந்து எடுக்கத் தெரிந்தால் போதாது. திருப்பி வைக்கத் தெரிந்தவருக்கே மண் சொந்தம், அந்தச் சொந்தத்தை மதிப்பவருக்கு அங்கே பங்கும் உண்டு.

எல்லோரும் உட்கார்ந்தாயிற்று. கோரையன் மட்டும் கிழங்கை வாயில் கவ்விக்கொண்டு ஈட்டியப்பன் அருகில் இப்படியும் அப்படியும் நடந்தான். பிறகு கிழங்கைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னான்:

"தம்பி, அந்த முள்ளைக் கொஞ்சம் படுக்கப் போடேன். நான் உன் பக்கத்தில் உட்காரணும்."