கூத்தில் ஆகாத இடம்

ரொம்பக் காலத்துக்கு முன்னால் அல்லிபுரத்தைத் தீர்க்கவர்மன் என்றொரு ராஜா ஆண்டுவந்தார். காலையில் பிடித்தது அவருக்கு மாலையில் பிடிக்காது. ஆனால் கூத்து வாத்தியார் சடையன் கட்டிய அசுரன் கூத்து மட்டும் அலுக்கவே இல்லை. அசுரன் செத்ததும் அவன் மனைவி நீளமாக ஒரு புலம்பல் பாடுவாள். ராஜா அங்கே குலுங்கிக் குலுங்கி அழுவார்.

அரண்மனைக் கவிராயர் மார்த்தாண்டருக்கு வயிறு எரிந்தது. கூத்தை முழுசாக மனப்பாடம் செய்துகொண்டு வந்து, “மன்னா, இது நான் எழுதியது! சடையன் திருடிவிட்டான்!” என்று சபையில் முழங்கினார்.

“பொய் சொன்னவன் இனி என் நாட்டில் வாயே திறக்கக் கூடாது!” என்றார் ராஜா. கூத்தை விட்டால் சடையனுக்கு வேறு என்ன தெரியும்?

மந்திரி நயினார் எழுந்தார். “இருவரும் சொல்லுங்கள். இந்தக் கூத்தில் ஆகாத இடம் எது?”

“ஆகாத இடமா?” கவிராயர் சிரித்தார். “ஒவ்வொரு சொல்லும் முத்து! அதிலும் அந்தப் புலம்பல் இருக்கிறதே, அடடா!”

சடையன் தலையைச் சொறிந்தான். “அந்தப் புலம்பல்தான் சாமி ஆகாத எடம்.”

“நான் அழுத இடமா?” ராஜா சீறினார்.

“நீங்க அழுதீங்க மகாராஜா. எனக்கு அங்க வந்தாலே கூச்சமா இருக்கும். புருசனப் பறிகொடுத்தவ இவ்வளவு நேரமா பாடுவா? வாயடைச்சு நிப்பா. ஆனா எங்க கூத்து ஜமாவுல ஆள் கம்மி. செத்த அசுரன்தான் அடுத்து முனிவரா வரணும். அவன் வேசத்த மாத்துற வரைக்கும் இழுக்கத்தான் அந்தப் பாட்டு.”

நயினார் பாட்டில்லாமல் ஆடச் சொன்னார். பாதி முகம் சிவப்பும் அசுர மீசையுமாக முனிவர் ஓடிவந்து ஆசி கூற, சபை வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. கவிராயர் தலை கவிழ்ந்தது.

“அரசே, எடுத்துக்கொண்டவருக்கு அழகுதான் தெரிந்தது. பெற்றவனுக்குத்தான் குறை தெரிந்தது” என்றார் நயினார்.

“கூத்து சடையனுடையதே! என்னடா வேண்டும், கேள்!” என்றார் ராஜா.

“இன்னொரு ஆள் குடுங்க மகாராஜா. அந்தப் பாட்ட எடுத்துடுறேன்.”

“எடுக்காதே! எனக்குப் பிடித்த பாட்டு!”

“கூத்து யாரோடதுன்னு இப்பத்தானே தீர்ப்புச் சொன்னீங்க?”

ராஜா முறைத்தார். பிறகு மீசைக்குள் சிரித்தார். “உன்னுடையதுதான், போ!”

“முழுக் கூத்தும் மனப்பாடமான ஆள் இங்கேயே இருக்கிறாரே” என்றார் நயினார். “கவிராயர் இனி வாயைத் திறந்தால் சடையன் எழுதியதைத்தான் பேச வேண்டும். கட்டியவன் பெயரையும் அவரே முதலில் சொல்ல வேண்டும்.”

அப்படியே நடந்தது. சடையன் பெயரைச் சொல்லி வணங்கிவிட்டு, கவிராயர் முனிவராக நின்றார். அசுரன் விழுந்தான். அவன் மனைவி வாயைத் திறந்தாள். ஒரு சொல்லும் வரவில்லை. ராஜா முன்னெப்போதையும்விட அதிகமாக அழுதார்.