எட்டாவது சான்றிதழ்

“பத்தாவது மார்க்‌ஷீட்டெல்லாம் செல்லாது. எட்டாவது பாஸான சான்றிதழைக் காட்டு!” நீதிமன்றத்திலும் அதையே பிடித்துத் தொங்கினார் தேர்வு அதிகாரி, முனைவர் தாமோதரன்.

எட்டாவது பாஸ் போதும் என்ற அலுவலக உதவியாளர் வேலை, கைக்கு வந்து நழுவிய கடுப்பில் வழக்குப் போட்டிருந்தான் பூவலிங்கம். நீதிபதியைக் கும்பிட்டான்.

“ஐயா, எங்க பள்ளிக்கூடத்துல எட்டாவதுக்குத் தனியா சான்றிதழே தர்றதில்ல. சார் தன்னோடத ஒரு தடவை காட்டட்டும். அதே மாதிரி வாங்கிட்டு வந்துடுறேன்.”

தாமோதரன் விழித்தார். “நான் டாக்டரேட்...”

“அது செல்லாதே சார்!”

நீதிபதியே சிரித்துவிட்டார். “இந்த வாரமே இவருக்கு வேலை கொடுங்க.”

வெளியே வந்ததும் தாமோதரன் குரலைத் தாழ்த்தினார். “உள்ள நடந்ததை ஆபீஸ்ல யார்கிட்டயும் சொல்லிடாதப்பா.”

வேலையில் சேர்ந்த அன்று, முதல் டீயை கிளார்க் மேசையில் வைக்கும்போதே பூவலிங்கம் கதையைத் தொடங்கிவிட்டான்.