கரடியிலும் பாதி

அது செல்போன் விளையாட்டில் உள்ள தீவு. மரம் வெட்டி, கல் உடைத்து, படகு கட்டித் தப்ப வேண்டும். முதலில் வந்து கோட்டை கட்டிய சங்கரபாண்டி, தன்னையே ராஜா என்று அறிவித்துக்கொண்டார். கடற்கரைக்கு அவர் கோட்டை வாசலைத் தவிர வேறு வழி கிடையாது. வாசலுக்கு யார் எதைக் கொண்டுவந்தாலும் பாதி அவருக்கு.

நிஜத்தில் தீப்பெட்டி ஆலையில் வேலை பார்க்கும் பேச்சியம்மாளுக்குப் படகு செய்ய இரும்பு பத்துக் கட்டி வேண்டும். தீவில் இருந்ததே பத்துதான், அதுவும் கரடிக் குகையில்.

"அஞ்சை வாசல்லயே வச்சிட்டுப் போம்மா" என்று மைக்கில் சிரித்தார் ராஜா.

"பாதின்னா எல்லாத்துலயும் பாதிதான அண்ணாச்சி?"

"எல்லாத்துலயும்! தூசிகூட குறையக் கூடாது."

விளையாடிக்கொண்டிருந்த இருபது பேரும் அதைக் கேட்டார்கள்.

அந்த விளையாட்டில் கையில் மீன் இருந்தால் கரடி கடிக்காது, பின்னாலேயே வரும். பேச்சியம்மாள் குகைக்குப் போனாள். திரும்பி வந்தபோது முதுகில் பத்து இரும்பு, கையில் மீன், பின்னால் இரண்டு கரடி.

"தூசி குறையாம கொண்டாந்திருக்கேன் அண்ணாச்சி. ரெண்டுல எந்தக் கரடி வேணும்?"

ராஜா மதில்மேல் தாவி ஏறினார். "எனக்கு ஒண்ணுமே வேண்டாம் தாயி! எல்லாத்தையும் நீயே எடுத்துட்டுப் போ!"

இருபது பேரும் அதையும் கேட்டார்கள்.

மீனை ஆற்றில் எறிந்தாள். கரடிகள் அதன் பின்னால் ஓடின. படகு தயாரானதும் எல்லோரும் ஏறிக்கொண்டார்கள். கரையில் தனியாக நின்ற ராஜா மெல்லக் கேட்டார்: "எனக்கும் இடம் இருக்காம்மா?"

"வாங்க அண்ணாச்சி. துடுப்பு போடுறதுல பாதி உங்களுக்குத்தான்!"