அட்டைப்பெட்டியிலும் ஓடிய ஆப்

எங்கள் கம்பெனி பாளையங்கோட்டையில் ஒரு மாடியில் இருக்கிறது. அன்றைக்கு தூத்துக்குடி மீன் வியாபாரிகள் சங்கத் தலைவர் கஸ்பார் அண்ணாச்சி வந்திருந்தார். நாங்கள் செய்த மீன் ஏல ஆப் அவருக்குப் பிடித்தால் பிழைத்தோம், இல்லாவிட்டால் ஆபீசுக்குப் பூட்டுதான். முதலாளி வரத் தாமதம். அதற்குள் ஆப்பை எழுதிய சங்கரவேல் அண்ணன் வாயைத் திறந்துவிட்டார்.

“அண்ணாச்சி, நம்ம ஃபிரேம்வொர்க்ல ஒரு தடவ கோடிங் எழுதினாப் போதும். ஆண்ட்ராய்டுலயும் ஓடும், ஐபோன்லயும் ஓடும்.”

“எல்லாவனும் அப்படித்தாம் சொல்லுதான்” என்றார் அண்ணாச்சி, டீயை ஊதிக்கொண்டே.

அண்ணனுக்கு இது போதாதா? நாற்காலியை இழுத்துப் போட்டார்.

“ஓடும்னா சும்மா ஓட்டமா? எங்க மாமனாரோட பழைய பட்டன் போன்ல போட்டுவிட்டேன். விடியிறதுக்குள்ள பட்டன் எல்லாம் வெக்கப்பட்டு உள்ள போயிருச்சு. டச் போன் ஆயிருச்சு அண்ணாச்சி!”

“அண்ணே, நிஜ போன்ல போட்டீங்களா? நீங்க எல்லாத்தையும் கம்ப்யூட்டருக்குள்ள போன் மாதிரி நடிக்கிற எமுலேட்டர்லதான ஓட்டிப் பாப்பீங்க?” இது எங்கள் டெஸ்டர் ஷமீமா. உண்மை பேசுவதற்கென்றே சம்பளம் வாங்குகிற ஒரே ஆள்.

“நீ சும்மா இரும்மா. ஒருத்தருக்கு போன் தொலஞ்சுபோச்சு, அது வந்த அட்டைப்பெட்டிதான் மிச்சம். பெட்டியிலயே ஓட்டிக் காமிச்சேன். சார்ஜும் கம்மியாத்தான் இழுத்துச்சு.”

ஷமீமா தலையில் அடித்துக்கொண்டாள். அண்ணன் நிறுத்தவில்லை.

“உங்க ஊர்க் கடல்லயே நடந்தத கேளுங்க. போட்ல போனவர் போன் தண்ணில விழுந்து, ஒரு சீலா மீன் முழுங்கிருச்சு. ஆப் நிக்கலயே! மீனே தன்னை ஏலத்துல ஏத்திவிட்டு, நல்ல வெல படியிற வரைக்கும் ஆழத்துலயே கெடந்துச்சு. படிஞ்சப்புறம்தான் கரைக்கே வந்துச்சு.”

“ஐஸ் பெட்டிக்குள்ளயும் அதுவே ஏறிப் படுத்துக்கிட்டோ?” என்றார் அண்ணாச்சி.

“ஆமா! உங்களுக்கு யார் சொன்னா?”

அண்ணன் குரலைத் தாழ்த்தினார்.

“வெளிய சொல்லாதீங்க. போன மாசம் ஒரு போன் கம்பெனிக்காரன் கூப்பிட்டு அழுதான். ‘அடுத்த வருசம் நாங்க விடப்போற போன்ல உங்க ஆப் இப்பவே ஓடுது சார். அந்தப் போன் எப்படி இருக்குன்னு கொஞ்சம் சொல்லுங்க, நாங்க இன்னும் படமே வரையல’ன்னான்.”

அண்ணாச்சி டம்ளரை வைத்துவிட்டு, சட்டைப் பையிலிருந்து தன் போனை எடுத்து நீட்டினார். “இதுல போடுங்க.”

ஷமீமா போட்டாள். ஆப் திறந்தது. மீன் வந்தது, விலை வந்தது. ‘ஏலம் கேள்’ என்ற பட்டன் மட்டும் பாதி திரைக்கு வெளியே போய்விட்டது. உள்ளே இருந்த பாதியை அண்ணாச்சி அமுக்கினார், தேய்த்தார், குத்தினார். அது அசையவே இல்லை.

அண்ணன் முகத்தில் ஒரு சலனம் இல்லை. “ஆப்ல ஒரு கோளாறும் இல்ல அண்ணாச்சி. உங்க போன்தான் சின்னது. போனை மாத்திருங்க, சரியாயிரும்.”

அண்ணாச்சி எழுந்து வேட்டியைச் சரிசெய்துகொண்டார்.

“தம்பி, எங்க சங்கத்துல முக்காவாசிப் பேரு இந்தப் போன்தாம் வச்சிருக்கான். அம்புட்டு போனையும் மாத்துததவிட, ஒத்தக் கம்பெனிய மாத்துதது லேசுல்லா?”