புகை வரி

முன்னே ஒரு காலத்திலே ஒரு ராஜா இருந்தார். பேர் எதற்கு, விடுங்கள். ஒரு நாள் உப்பரிகையில் நின்றபோது, ஊரின் அடுப்புப் புகை காற்றோடு வந்து அவர் கண்ணைக் கரித்தது. "எந்தக் கூரையில் புகை கிளம்புகிறதோ அந்த வீடு வரி கட்டட்டும்!" என்றார். மந்திரி வேங்கடராயர், "ஆஹா, என்ன யோசனை மகாராஜா!" என்று குழைந்தார். அவருக்கென்ன, அரண்மனைச் சாப்பாடு.

ஜனங்கள் கெஞ்சினார்கள், கூச்சல் போட்டார்கள். கிடைத்தது சவுக்கடிதான். கடைசியில் சாவு வீடு மாதிரி ஊர் முழுக்க அடுப்பை அணைத்துவிட்டு, ஊறவைத்த அரிசியைத் தின்று கிடந்தார்கள். பிள்ளை பெற்றுப் படுத்திருந்த செவந்தி மட்டும், ஜன்னி கண்ட குழந்தைக்கு வெந்நீர் வைக்க நாலு சுள்ளியைக் கொளுத்தினாள். பெற்றவள் வேறென்ன செய்வாள்? சேவகர்கள் வந்து அடுப்பை உடைத்துவிட்டுப் போனார்கள். நாசமாய்ப் போகிறவர்கள்!

"மகாராஜா, தங்கள் விகடகவி அம்பலத்தாடிதான் இவர்களைத் தூண்டிவிடுகிறான்" என்று வத்தி வைத்தார் வேங்கடராயர்.

ராஜா அம்பலத்தாடியை அழைத்தார். "நாளைக்கு இந்த ஜனங்கள் என் வாசலில் நின்று என்னை வாயாரப் புகழவேண்டும். இல்லையென்றால் உன் தலை தப்பாது."

"உத்தரவு மகாராஜா" என்றான் அவன்.

விடிந்ததும் ஊரே அரண்மனை வாசலில் திரண்டது. பெண்கள் தலையை விரித்துப்போட்டு, மாரில் அடித்துக்கொண்டு, "தங்க ராசாவே, தர்ம துரையே, எங்களை விட்டுப் போனீகளே!" என்று ஒப்பாரி வைத்தார்கள்.

ராஜா பதறி ஓடிவந்தார். "அடேய்! நான் உயிரோடுதானே இருக்கிறேன்?"

அம்பலத்தாடி கைகட்டி நின்றான். "சாவு விழுந்த வீட்டில் அடுப்பு எரியாது மகாராஜா. ஊரில் ஒரு அடுப்பும் எரியவில்லையென்றால் அரசர் போய்விட்டார் என்றுதானே அர்த்தம்? தங்களைப் புகழச் சொன்னேன். இவர்களுக்கு இந்த ஒரு வழிதான் தெரிந்தது."

ராஜாவின் முகம் செத்துப்போயிற்று. பிறகு வயிறு குலுங்கச் சிரித்தார். வரி ஒழிந்தது என்று முரசறையச் சொல்லி, வேங்கடராயரின் முத்துமாலையைக் கழற்றி அம்பலத்தாடி கழுத்தில் போட்டார்.

சாயங்காலம் ராஜாவும் அம்பலத்தாடியும் உப்பரிகையில் நின்றார்கள். கூரைக்குக் கூரை புகை எழும்பியது. ராஜா இன்னும் சிரித்துக்கொண்டிருந்தார். "அதோ, அந்தக் குடிசையில் மட்டும் ஏன் புகையில்லை? முரசு காதில் விழவில்லையோ?"

"விழுந்தது மகாராஜா. அது செவந்தி வீடு. இன்றைக்கு அங்கே அடுப்பு எரியாது."

ராஜாவின் சிரிப்பு நின்றது. அம்பலத்தாடி மாலையைக் கழற்றிச் சுவர்மேல் வைத்துவிட்டு, துக்கம் கேட்க இறங்கிப் போனான்.