கரையடியார் பரிவட்டம்

நெடுங்குளத்துப் பெரிய கரைக்குக் கணக்குப் போட்டவர் ஆவுடையப்பர். எப்பேர்ப்பட்ட வெள்ளத்தையும் தாங்கும் என்றார். ஊர் நம்பவில்லை. "குளம் நிறைகிறபோதெல்லாம் என் வீட்டார் கரையடியில் உட்காருவோம். கணக்குத் தப்பினால் முதலில் சாவது நாங்கள்தான்" என்றார். அன்று முதல் அவர் வம்சத்துக்குக் 'கரையடியார்' என்று பெயர். கோயிலில் முதல் மரியாதையும் அவர்களுக்கே.

அந்த வம்சத்தில் மிஞ்சியவள் சடைச்சி ஒருத்திதான். ஜமீன்தார் மாட்டுக்கொட்டிலில் சாணி அள்ளுகிறவள். அந்த மரியாதைமேல் ஜமீன்தாருக்கு ஒரு கண்.

"நானும் கரையடியார் வம்சம்னு நாளைக்குக் கோயில்ல சொல்லு. இல்லேன்னா குடிசையோட உன்னையும் கொளுத்திருவேன்."

வெளியே அடைமழை.

"சொல்றேன் சாமி."

மறுநாள் கரையோரக் கோயிலில் ஊர் கூடியது. "எசமான் எங்க வம்சந்தான். அதுலயும் மூத்தவரு" என்றாள் சடைச்சி. ஜமீன்தார் தலையில் பரிவட்டம் ஏறியது. அந்த நேரம் பார்த்துக் கரையில் பறை முழங்கியது. குளம் நிறைந்துவிட்டது.

சடைச்சி கும்பிட்டாள். "வாங்க சாமி, கரையடியில உக்காருவோம். மூத்தவரு முன்னால போங்க."

ஊரே அவரைப் பார்த்தது. தண்ணீர் இரைகிற சத்தம் தலைக்குமேலே கேட்டது.

"நான் அந்த வம்சமே இல்ல!" என்று அலறிய ஜமீன்தார், பரிவட்டத்தைப் பிடுங்கி அவள் கையில் திணித்துவிட்டு மேட்டைப் பார்த்து ஓடினார்.

சடைச்சி அதைக் கட்டிக்கொண்டு தனியாக இறங்கி உட்கார்ந்தாள். முதுகுக்குப் பின்னால் மண் அதிர்ந்தது.

"தாத்தா, கணக்கு சரிதானே?" என்றாள்.