நத்தையின் முதுகில் ஏறிய காலம்

ஈ எறும்பு முதற்கொண்டு எல்லா உயிர்களும் வாய்விட்டுப் பேசிக்கொண்டிருந்த அந்தக் காலத்தில், மலையடிவாரத்து ஆற்றங்கரையில் காலக் கழகம் என்று ஒன்று இருந்தது. நாம் நிலத்துக்கு வரைபடம் போடுகிறோம். அவர்கள் காலத்துக்கே வரைபடம் போட்டார்கள். வேம்பு எப்போது பூக்கும், ஈசல் எப்போது கிளம்பும், எந்த மாதத்தில் முட்டையிட்டால் குஞ்சு பிழைக்கும், எல்லாம் ஒரே படத்தில் வந்துவிட வேண்டும் என்று ஆசைப்பட்டார்கள். அந்த ஆசையை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு மலைப்பாகத்தான் இருக்கிறது.

நாரை அதற்குத் தலைமை தாங்கியது. சிலந்தி படம் வரைந்தது. ஊர் ஊராக ஓடிச் செய்தி கொண்டுவந்தது நத்தை.

நத்தையா என்று சிரிக்காதீர்கள். அன்று அதன் முதுகில் ஓடு கிடையாது. நல்ல கால்கள் இருந்தன. "மலைக்கு அந்தப் பக்கம் கொன்றை பூத்தாச்சா?" என்று நாரை கேட்டு முடிப்பதற்குள் போய்ப் பார்த்துவிட்டு வந்து நிற்கும். ஓட்டம் அதற்கு உயிர். வேலை இல்லாத நாளில்கூடக் கரையோரம் ஒரு சுற்று ஓடிவிட்டு வந்தால்தான் இரை இறங்கும்.

சண்டை வந்தது படத்தின் வடிவத்தில்தான்.

"போன நாள் திரும்பி வந்து யாராவது பார்த்திருக்கீங்களா? நேர்கோடாப் போடுங்க" என்றது எறும்பு.

"சித்திரை வருஷா வருஷம் வருதே, அது என்னவாம்? வட்டமாப் போடுங்க" என்றது செக்கில் சுற்றிப் பழகிய மாடு.

இரண்டும் விட்டுக்கொடுப்பதாக இல்லை. கடைசியில் சிலந்திதான் குறுக்கே வந்தது. "ரெண்டு பேர் சொல்றதும் சரிதான். சித்திரை திரும்பி வருது. ஆனா போன இடத்துக்கே வர்றதில்ல."

அகன்ற இலையொன்றில் சுண்ணாம்பும் பிசினும் குழைத்துப் பூசி, நடுவில் ஒரு புள்ளி வைத்து, சுற்றச் சுற்ற விரிந்துகொண்டே போகும் ஒரு சுருளை அது கீறியது. ஒவ்வொரு சுற்றும் ஓர் ஆண்டு. எறும்பு அதில் தன் கோட்டைக் கண்டது, மாடு தன் வட்டத்தைக் கண்டது. காலத்தை அத்தனை அழகாக வேறு யாரும் வரைந்து நான் கேள்விப்பட்டதில்லை.

மெத்தப் படித்த அந்தக் கூட்டம் செய்த தவறு ஒன்றுதான். படத்தில் ஐப்பசி எங்கே இருக்கிறது என்று குனிந்து பார்த்துக்கொண்டிருந்தவர்கள், வாசலில் ஐப்பசி வந்து நின்றதைக் கவனிக்கவில்லை. மலையில் கொட்டிய மழை ஆற்றில் இறங்கி, வெள்ளம் கழகத்துக்குள் புகுந்தது.

எறும்புகள் முட்டைகளைத் தூக்கிக்கொண்டு ஓடின. மாடு கன்றுகளை முட்டித் தள்ளியபடி மேடேறியது. சிலந்தி மட்டும் படத்தைவிட்டு நகரவில்லை. சுண்ணாம்பு இன்னும் காயவில்லை.

"அலகுல தூக்கினா காத்து கிழிச்சிடும்" என்று நாரை தவித்தது. "இது போச்சுன்னா எப்பக் கூடு கட்டறது, எப்ப இரை சேர்க்கறதுன்னு ஒருத்தருக்கும் தெரியாது. எத்தனை குஞ்சு சாகப்போகுதோ."

"என் முதுகுல வைங்க" என்றது நத்தை. "ஒரே ஓட்டம். மேட்டுல இருப்பேன்."

"ஓடக்கூடாது தம்பி" என்றது சிலந்தி. "ஈரச் சுண்ணாம்பு. குலுங்கினா விண்டு போயிடும்."

நத்தை வாசலைப் பார்த்தது. தண்ணீர் படியைத் தாண்டிவிட்டது. ஓடினால் தான் பிழைக்கலாம், படம் பிழைக்காது.

"அப்ப நடக்கறேன்."

படத்தை முதுகில் ஏற்றிவிட்டுச் சிலந்தியும் அதன் கழுத்தில் தொற்றிக்கொண்டது. நடந்தாலும் படம் குலுங்கியது. அதனால் நத்தை கால்களை மடக்கி, வயிற்றைத் தரையில் பதித்து ஊர்ந்தது. வெள்ளம் பின்னாலேயே ஏறி வந்தது. ஓடு ஓடு என்று உடம்பெல்லாம் துடித்தது. அது ஓடவில்லை. நாரை தலைக்கு மேல் பறந்து வழி சொல்லிக்கொண்டே வந்தது. தண்ணீர் படத்தின் விளிம்பைத் தொடப்போகும் நேரத்தில் நத்தை பாறைமேட்டுக்கு வந்து சேர்ந்தது.

மழை விட்டு நல்ல வெயில் அடித்தபின் சிலந்தி படத்தை இறக்கப் போனது. வரவில்லை. இலை அழுகி உதிர்ந்து, சுண்ணாம்புச் சுருள் நத்தையின் முதுகோடு இறுகியிருந்தது.

"தட்டினா உடைஞ்சு வந்துடும். தட்டிடறேன் தம்பி, நீ ஓட வேண்டியவன்" என்றது சிலந்தி.

"மறுபடி இதே மாதிரி வரைய முடியுமா அக்கா?"

தட்ட நீட்டிய காலைச் சிலந்தி இழுத்துக்கொண்டது.

நத்தை கீழே ஆற்றங்கரையைப் பார்த்தது. அது ஓடிய தடமெல்லாம் சேற்றில் மூடிக்கிடந்தது.

"இருக்கட்டும், விடுங்க" என்றது. "வேம்பு பூத்தாச்சான்னு ஓடி ஓடிப் பார்த்துட்டு வந்தேன். அது பூக்கறதை ஒரு நாளும் நின்னு பார்த்ததில்ல."

நாரை தன் நீண்ட கழுத்தை வளைத்து அதை வணங்கியது. காலம் தெரிய வேண்டியவர்கள் எல்லாரும் அதன் முதுகைத் தேடி வந்து பார்த்துப் போனார்கள்.

ஓடாத கால்கள் மெல்ல மெல்லத் தேய்ந்து மறைந்தன. முதுகில் மாட்டின் வட்டம், ஊர்ந்து போன வழியில் எறும்பின் நேர்கோடு மினுமினுப்பாக. அன்று தொடங்கித்தான், மழை விழுந்ததும் நாமெல்லாம் வீட்டுக்குள் ஓட, நத்தை மட்டும் வெளியே வந்து, சுமந்த காலம் சிறிதும் குலுங்காமல் ஊர்ந்து போகிறது.